புதுப்பிப்பு: உத்தேசச் சாலையில் சிக்கிய கடலூர் மனை

நகரின் வருங்கால வளர்ச்சிக்கான முழுமைத் திட்ட (மாஸ்டர் பிளான்) வரைபடத்தில் எங்கள் தந்தையாரின் கடலூர் மனைக்குக் குறுக்கே உத்தேசச் சாலை ஒன்று காட்டப்பட்டிருப்பதால், வீடு கட்ட அனுமதி மறுக்கப்பட்டதை முன்பு எழுதியிருந்தேன். அதன் தொடர்ச்சி இது.

தமிழ்நாடு நகர் ஊரமைப்புச் சட்டம், 1971இன் 38ஆம் பிரிவின்படி, திட்ட அறிவிப்பு அரசிதழில் வெளியான நாளிலிருந்து 3 ஆண்டுகளுக்குள், சாலை போன்ற தேவைக்கு ஒதுக்கப்பட்ட நிலத்தைக் கையகப்படுத்தும் விளம்புகை (அதிகாரபூர்வ அறிவிப்பு) வெளியிடப்படாமலும், உரிமையாளரின் சம்மதத்தோடு அது வாங்கப்படாமலும் இருந்தால், அந்நிலம் ஒதுக்கீட்டிலிருந்து விடுவிக்கப்பட்டதாகவே கருதப்படும். இதைச் சுட்டிக்காட்டி, அரசிதழ் நகல், பட்டா, புலப்படம் (மனையின் எல்லை அளவுகளைக் காட்டும் வரைபடம்) ஆகியவற்றை இணைத்து மனு கொடுத்தோம். சர்வேயர் வந்து, வேலியோரம் மண்ணில் புதைந்திருந்த எல்லைக்கல்லைத் தோண்டியெடுத்து, அதிலிருந்து சங்கிலி பிடித்து அளந்து சென்றிருக்கிறார்.

சாலையே வேண்டாம் என்று நாங்கள் சொல்லவில்லை. தேவையென்றால் உரிய இழப்பீடு கொடுத்து எடுத்துக்கொள்ளட்டும். எடுக்காமலும் விடாமலும் ஒரு குடும்பத்தை ஆண்டுக்கணக்கில் காக்க வைப்பது நியாயமே அல்ல.

இதே நிலையில் இருப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: ஒதுக்கீடு நீங்கினாலும் நிலப் பயன்பாட்டு வகைப்பாடு, பக்கவாட்டு இடைவெளி, அணுகுசாலையின் அகலம் ஆகியவை 2019ஆம் ஆண்டின் ஒருங்கிணைந்த வளர்ச்சி மற்றும் கட்டட விதிகளுக்குப் பொருந்தியாக வேண்டும். எழுத்துப்பூர்வமான ஆணை இன்னும் எங்கள் கைக்கு வரவில்லை; மறுக்கப்பட்டால் மேல்முறையீடு செய்வோம்.