கன்டெய்னர் பெட்டிகளில் எழுந்த மைதானம்: தோஹா ‘974’ அனுபவங்கள்

தூத்துக்குடியிலிருந்து வந்து தோஹாவில் இருப்பவர்:

2022 கால்பந்து உலகக் கோப்பைக்காக, பிறகு கழற்றிவிடும்படி தோஹாவில் கட்டிய 974 மைதானத்துக்குள் போய் வந்தவர்கள், அங்கே வேலை பார்த்தவர்கள் எல்லோரும் எழுதுங்கள். முதலில் என் கதையைச் சொல்லிவிடுகிறேன்.

கத்தாருக்கு வருமுன் ஆறு ஆண்டுகள் தூத்துக்குடியில் ஒரு கன்டெய்னர் கிடங்கில் கணக்கு எழுதினேன். வரும் பெட்டியின் எண்ணைக் குறிப்பேன், சீல் சரியாக இருக்கிறதா என்று பார்ப்பேன். பிறகு உள்ளே போய் நின்றுகொண்டு கதவை மூடச் சொல்வேன். கும்மிருட்டில் அண்ணாந்து பார்த்தால், ஊசி முனை அளவு ஓட்டை இருந்தாலும் நட்சத்திரம் போல வெளிச்சம் தெரியும். அந்தப் பெட்டியில் சரக்கு ஏற்றக் கூடாது. வெயில் காலத்தில் இப்படி நாளைக்கு முப்பது, நாற்பது பெட்டிகள் பார்த்தவனுக்குக் கன்டெய்னர் மேல் ஆசை வருவது கடினம். ஆனாலும் எனக்கு அந்தப் பெட்டிகள் பிடிக்கும்.

2011-ல் தோஹாவுக்கு வந்தேன். சனையா என்ற தொழிற்பேட்டைப் பகுதியில் கிடங்கு வேலை. அம்மாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது, எண்கள் மட்டும் தெரியும். கைபேசியில் 974 என்று தொடங்கினால் எடுப்பாள். வேறு எண் என்றால் பக்கத்து வீட்டுப் பிள்ளையைக் கூப்பிடுவாள். தெருவில் யாராவது விசாரித்தால், “காலையில்தான் 974-லிருந்து பேசினான்” என்பாள். கத்தார் என்ற பெயர் அவள் வாயில் அபூர்வமாகத்தான் வரும்.

மைதானத்தைக் கட்டிக்கொண்டிருந்தபோது அதற்கு ராஸ் அபு அபூத் என்று இடத்தின் பெயர்தான் இருந்தது. 2021 நவம்பரில் திறக்கும் சமயத்தில் 974 என்று மாற்றினார்கள். நாட்டின் தொலைபேசிக் குறியீடும் அதுதான், அந்தக் கட்டுமானத்தில் சேர்ந்த கன்டெய்னர்களின் எண்ணிக்கையும் அதுதான். பெயரைக் கேட்ட அன்றே, எப்படியாவது ஓர் ஆட்டத்தை அங்கே பார்த்துவிட வேண்டும் என்று முடிவு செய்துவிட்டேன். இங்கே குடியிருப்பவர்களுக்கு என்று ஒதுக்கிய நான்காம் வகை டிக்கெட் 40 ரியால். 2022 நவம்பர் 22, மெக்சிகோவுக்கும் போலந்துக்கும் ஆட்டம்.

அந்த நாளை மறக்க முடியாது. மதியம் லுசைல் மைதானத்தில் சவுதி அரேபியா 2-1 என்று அர்ஜென்டினாவை வீழ்த்தியிருந்தது. மெட்ரோ கோல்டு லைனின் ஒரு முனையான அல் அஜீஸியாவில் ஏறினேன். மைதானம் மறுமுனையில். சூக் வாகிஃப் நிலையம் வந்தபோது ரயில் முழுக்கப் பச்சை. சவுதிக்காரர்களும் பச்சை, மெக்சிகோக்காரர்களும் பச்சை. ஒருவர் மொழி இன்னொருவருக்குத் தெரியாது. எல்லோரும் சேர்ந்து பாடிக்கொண்டே வந்தார்கள்.

நிலையத்தை விட்டு வெளியே வந்ததும் முதலில் உப்புக்காற்று. அப்புறம் சிவப்பும் மஞ்சளும் நீலமுமாக அடுக்கிய பெட்டிகள். எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது. எங்கள் ஊர்த் துறைமுகச் சாலையில் ட்ரெய்லர் மேல் புழுதி படிந்து நிற்கும் அதே பெட்டி, இங்கே கழுவித் துடைத்து, விளக்குப் போட்டு, உலகமே படமெடுக்கும் இடத்தில் நின்றது. கையை நீட்டி அந்த அலை அலையான தகட்டைத் தொட்டுப் பார்த்தேன்.

பெட்டி தெரிந்தவனாக ஒன்று சொல்கிறேன். கன்டெய்னரின் பலம் முழுவதும் நான்கு மூலைத் தூண்களில்தான். கப்பலில் ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கும்போது பாரம் மூலை வழியாகவே இறங்கும். பக்கத் தகட்டை அறுத்துக் கதவு வைத்தால் பெட்டி தளர்ந்துவிடும். அப்படியிருக்க, 40,000 பேருக்கு மேல் எப்படி உட்கார வைக்கிறார்கள் என்பது பல நாளாக என் சந்தேகம். உள்ளே போனதும் விளங்கியது. கூட்டத்தைத் தாங்குவது இரும்புச் சட்டகம். பரணில் டிரங்குப் பெட்டிகளை ஏற்றி வைப்பது போல, அந்தச் சட்டகத்துக்குள் கன்டெய்னர்களை ஏற்றியிருக்கிறார்கள். கழிப்பறை ஒரு பெட்டிக்குள், தின்பண்டக் கடை இன்னொரு பெட்டிக்குள். மற்ற ஏழு மைதானங்களிலும் குளிரூட்டும் வசதி உண்டு, இங்கே கிடையாது. இடைவெளிகள் வழியாகக் கடற்காற்று வந்துகொண்டே இருக்கும். நவம்பர் மாத இரவுக்கு அது தாராளம்.

சத்தத்தைப் பற்றிச் சொல்லியே ஆக வேண்டும். இரும்புத் தளத்தில் மெக்சிகோக்காரர்கள் கால்களால் தாளம் போட்டபோது அதிர்வு முதுகெலும்பு வரை ஏறியது. இரண்டாம் பாதியில் போலந்தின் லெவான்டோவ்ஸ்கி அடித்த பெனால்டியை மெக்சிகோ கோல்கீப்பர் ஒச்சோவா பாய்ந்து தடுத்தார். பக்கத்து இருக்கைப் பெரியவர் என்னைக் கட்டிப் பிடித்துக்கொண்டு அழுதார். அவருடைய பெரிய தொப்பியின் விளிம்பு என் நெற்றியில் இடித்தது இன்னும் நினைவிருக்கிறது. ஆட்டம் கோல் இல்லாமல் முடிந்தது. அதில் எனக்கு ஒரு குறையும் இல்லை.

இடைவேளையில் வீட்டுக்குப் போன் செய்தேன். அங்கே மணி பத்தைத் தாண்டியிருந்தது.

“அம்மா, 974-க்கு உள்ளே இருந்து பேசுகிறேன்.”

“நீ எப்போதும் அங்கிருந்துதானே பேசுகிறாய்? சாப்பிட்டாயா?”

ராமநாதபுரத்துக்காரர், எலக்ட்ரீஷியன்:

தம்பி, நீங்கள் தொட்டுப் பார்த்த பெட்டிகளுக்குள் நாங்கள் வயர் இழுத்திருக்கிறோம். 2021 கோடை. ஜூன் 1 முதல் செப்டம்பர் 15 வரை காலை பத்து மணியிலிருந்து மாலை மூன்றரை வரை வெயிலில் வேலை கூடாது என்பது சட்டம். அதனால் கேம்ப்பிலிருந்து பஸ் அதிகாலை மூன்றரைக்கே புறப்படும், விடியுமுன் வேலையில் இருப்போம். வேலை நிறுத்தும் நேரத்தில் தகட்டில் கை வைக்க முடியாது, தோசைக்கல்தான்.

என்னை வேலைக்கு எடுத்திருந்த துணை ஒப்பந்தக்காரர் இரண்டு மாதச் சம்பளத்தை நிறுத்தி வைத்தார். புகார் கொடுத்த பிறகுதான் கிடைத்தது. அந்த இரண்டு மாதமும் தங்கையின் கல்லூரிக் கட்டணத்துக்கு ஊரில் வட்டிக்கு வாங்கினார்கள். மைதானத்தைப் புகழ்ந்து எழுதுபவர்கள் இதையும் சேர்த்து எழுத வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

ஆட்ட நாளில் நான் உள்ளே போனதில்லை. ரூமில் எட்டுப் பேர் சேர்ந்து டிவியில் பார்த்தோம். கேமரா படிக்கட்டுப் பக்கம் போகும்போதெல்லாம், “அந்த லைட் நான் மாட்டியது” என்று கத்துவேன். ஒரு கட்டத்தில் மற்றவர்களே தேடிப் பிடித்துக் காட்ட ஆரம்பித்துவிட்டார்கள்.

மட்டக்களப்பைச் சேர்ந்த தாதி:

நான் மகனுடன் பார்த்தது டிசம்பர் 5, பிரேசிலும் தென்கொரியாவும். இரவு பத்து மணிக்கு ஆட்டம், அவனுக்கு அடுத்த நாள் பள்ளிக்கூடம். முதல் பாதிக்குள்ளேயே பிரேசில் நான்கு கோல். கொரியர்கள் ஒரு கோல் திருப்பினார்கள். எண்பதாவது நிமிடத்தில் பிரேசில் தன் மூன்றாவது கோல்கீப்பரையும் இறக்கியது. அத்துடன் அணியில் வந்த 26 பேரும் அந்த உலகக் கோப்பையில் ஆடிவிட்டார்கள். அப்படிச் செய்வது எனக்கு மிகவும் பிடித்திருந்தது. பெஞ்சில் இருந்து பார்த்துவிட்டு மட்டுமே ஊர் திரும்புவது எவ்வளவு கவலை!

ஆட்டம் முடிந்து வீரர்கள் பெலேயின் பெயர் எழுதிய துணியை விரித்துப் பிடித்தார்கள். அவர் அப்போது சாவோ பாலோவில் மருத்துவமனையில் இருந்தார். வார்டில் வேலை செய்கிறவள் என்பதால், தூரத்தில் கட்டிலில் கிடக்கும் ஒருவருக்கு இப்படி ஒரு செய்தி போய்ச் சேர்வதன் மதிப்பு எனக்குத் தெரியும். அந்த மாதம் 29-ஆம் தேதி அவர் காலமானார்.

அன்றுதான் அங்கே கடைசி உலகக் கோப்பை ஆட்டம். இனி இதைக் கழற்றிவிடுவார்கள் என்று மகனிடம் சொன்னேன். மெட்ரோ வரை அழுதுகொண்டே வந்தான்.

தூத்துக்குடிக்காரர் மீண்டும்:

அக்கா, மகனிடம் சொல்லுங்கள், இன்னும் கழற்றவில்லை. 2024 டிசம்பரில் பிரேசில் கிளப் பொட்டாஃபோகோவும் மெக்சிகோ கிளப் பச்சூகாவும் அங்கே ஆடினார்கள், பச்சூகா 3-0 என்று வென்றது. 2025 டிசம்பர் அரபுக் கோப்பைக்கும் அந்த மைதானம் பயன்பட்டது.

என் ஆசை மட்டும் வேறு. கழற்றுவதற்கென்றே கட்டியதைக் கழற்ற வேண்டும். பெட்டி ஓரிடத்தில் நிற்கப் பிறந்ததில்லை, கப்பலேறிப் போக வேண்டும். நல்ல மைதானம் இல்லாத ஏதாவது ஒரு ஊருக்கு அது போய்ச் சேர்ந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும்! பிள்ளை அழுதாலும் பரவாயில்லை, வளர்ந்ததும் புரிந்துகொள்வான்.

ராமநாதபுரத்து அண்ணே, உங்கள் பதிவை மூன்று முறை படித்தேன். அன்று நான் ஏறி வந்த படிக்கட்டில் வெளிச்சம் நன்றாக இருந்தது. அடுத்து அங்கே ஆட்டம் அறிவித்தால் உங்களுக்கும் சேர்த்து டிக்கெட் எடுக்கிறேன். மூன்றாவது டிக்கெட் அம்மாவுக்கு. பாஸ்போர்ட் எடுத்தாகிவிட்டது.