கரிசலாங்கண்ணி என்று வாங்கி ஏமாறியவர்கள் உண்டா?

வரப்போரம்:
சந்தையில் கரிசலாங்கண்ணி என்று ஒரு கட்டு எடுத்துப் பையில் போடப் போனேன். பக்கத்தில் வெண்டைக்காய் பொறுக்கிக்கொண்டிருந்த பாட்டி, கேட்காமலே ஒரு தண்டைக் கிள்ளி உள்ளங்கையில் வைத்துத் தேய்த்தார். பச்சையாகவே இருந்தது. "கறுக்கலையே தம்பி" என்றார், போய்விட்டார். அப்புறம்தான் பூவைப் பார்த்தேன்: ஓரம் வெளிர், நடுவில் மஞ்சள். வெட்டுக்காயப் பூண்டு! விற்றவர் அசையவே இல்லை. அன்றைக்கு எத்தனை வீட்டுக் கூட்டில் அது வெந்ததோ.

கிணத்துமேடு:
கரிசலாங்கண்ணியைத் தேய்த்தால் சாறு கறுக்கும், ஆனால் அதை மட்டும் நம்பாதீங்க. வாடின கட்டில் சாறே வராது, எதைத் தேய்ப்பீர்கள்? கரிசலாங்கண்ணிக்கு ஓரமும் வெள்ளை, நடுவும் வெள்ளை. இலை எதிரெதிராக, காம்பே இல்லாத மாதிரி தண்டோடு ஒட்டியிருக்கும், தடவினால் சொரசொரக்கும். வெட்டுக்காயப் பூண்டில் நீளக் காம்பின் உச்சியில் ஒற்றைப் பூ, காய்ந்தால் விதை பஞ்சோடு பறக்கும். கரிசலாங்கண்ணி விதைக்குப் பஞ்சு கிடையாது, தண்ணீரிலும் சேற்றிலும்தான் ஊர் ஊராகப் போகும்.

என் கதை சின்னது. அத்தை நாள் முழுக்க வயலில் இதைப் பிடுங்கினார். மறுநாள் கல்யாணப் பந்தியில் பக்கத்து இலைக்காரம்மா, அத்தையின் கறுத்த விரல்களைப் பார்த்துவிட்டு எழுந்து வேறு வரிசைக்குப் போனார். அத்தை ஒன்றும் சொல்லவில்லை, சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார்.

மைச்சிமிழ்:
அந்தக் கறுப்பைத்தான் எங்கள் ஆச்சி கண்மைக்குப் பிடிப்பார். ஒரு தடவை குத்துவிளக்கு அணைந்துபோய் என்னை அறைந்தார், நான் ஊதவே இல்லை. சரி, செய்முறை சொல்கிறேன். பூத்த செடியாகப் பிடுங்குங்கள், அடையாளம் தப்பாது. இடித்துச் சாறு பிழிந்து, கஞ்சி போகத் துவைத்த வெள்ளைப் பருத்தித் துணியை அதில் முக்கி நிழலில் உலர்த்துங்கள். காய்ந்ததும் மறுபடி முக்குங்கள், துணி நன்றாகக் கறுக்கும்வரை. திரி திரித்து விளக்கெண்ணெயில் ஏற்றி, மேலே மண்சட்டியைக் கவிழ்த்து வையுங்கள். படியும் கரியைச் சுரண்டி விளக்கெண்ணெயில் குழைத்தால் மை. கைக்குழந்தைக்குக் கண்ணுக்குள் இடாதீர்கள், டாக்டர்கள் வேண்டாம் என்கிறார்கள். கன்னத்தில் பொட்டு போதும்.

வரப்போரம்:
மை யார் கேட்டது? வாங்கும்போது எப்படிக் கண்டுபிடிப்பது, அதைச் சொல்லுங்கள். கிணத்துமேடு, கட்டில் பூ இல்லையென்றால்?

நாத்தங்கால்:
பூ இல்லாத கட்டை வாங்காதீங்க, அவ்வளவுதான். இல்லையென்றால் வளருங்கள். ஒரு வருடச் செடிதான், ஆனால் ஈரம் இருந்தால் கணுவுக்குக் கணு வேர்விடும். விதையை ஆழமாகப் புதைக்காதீங்க, வெளிச்சம் பட்டால்தான் முளைக்கும். சேற்றின் மேலேயே தூவுங்கள்.

எங்கள் வயலில் இதைக் களை என்று மருந்தடித்தோம். அதே சாயங்காலம் அம்மா மஞ்சள் காமாலைக்கு இதைத் தேடி ஊர் எல்லைவரை நடந்து போனார். வரப்பெல்லாம் கருகிக் கிடந்தது.

கிணத்துமேடு:
காமாலைக்கு முதலில் ரத்தப் பரிசோதனை எடுத்தீர்களா?