வாளியில் 16 மி.மீ. ஃபிலிம்: ஒவ்வொரு தடவையும் மூட்டம்

கேள்வி: காஃபினாலில் (காபியில் வீட்டிலேயே கலக்கும் டெவலப்பர்) டெவலப் செய்யும் கருப்பு வெள்ளை ஃபிலிமில் திரும்பத் திரும்பச் சாம்பல் மூட்டம், நடுவே திட்டுகள். லிட்டருக்கு சலவைச் சோடா 54 கிராம், வைட்டமின் சி 16, இன்ஸ்டன்ட் காபி 40. 20 டிகிரி, 15 நிமிடம். எது தவறு?

பதில் 1: அந்த 54 கிராம் நீரற்ற சோடியம் கார்பனேட்டுக்கான அளவு. படிகச் சோடா என்றால் 2.7 மடங்கு வேண்டும். ஆனால் சோடா குறைந்தால் படம் வெளிறும், மூட்டம் வராது. மூட்டத்தைத் தடுக்க லிட்டருக்கு 1 கிராம் பொட்டாசியம் புரோமைடு சேருங்கள். வேகமான (குறைந்த ஒளியிலும் பதியும்) ஃபிலிமுக்கு அது இல்லாமல் ஆகாது.

பதில் 2: திட்டுகள் தனிப் பிரச்சினை. 30 மீட்டர் சுருள் முழுவதையும் வாளியில் ஒன்றாகத் திணித்தால் சுற்றுகள் ஒட்டும், ஒட்டிய இடத்தில் டெவலப்பர் ஏறாது. 10 மீட்டராக வெட்டி, விடாமல் கிளறுங்கள். நனைந்த எமல்ஷனில் (ஃபிலிம் மேலுள்ள படம் பதியும் பூச்சு) நகம் பட்டாலே கீறல். (சிலர் வேண்டுமென்றே கீறுவார்கள், அது வேறு!)

பதில் 3: இரண்டையும் சேர்த்து மாற்றாதீர்கள். முதலில் புரோமைடு மட்டும், 1 மீட்டர் துண்டில்.