பிஎஸ் வீட்டா (மோட் பண்ணது): கார்டு கேமுக்குக் கையால அப்டேட் போட்டும் பழைய வெர்ஷனே ஓடுது

ஆரப்பாளையத்தான்:

அண்ணன்மாரே வணக்கம். டவுன்ஹால் ரோட்டுப் பக்கம் ஒரு கடையில செகண்ட் ஹேண்ட்ல பிஎஸ் வீட்டா (சோனியோட கையடக்க கேம் மெஷின்) ஒண்ணு எடுத்தேன். பழைய 1000 மாடல், ஓலெட் ஸ்கிரீன், இன்னமும் பளிச்சுன்னு இருக்கு. விக்கும்போதே மோட் பண்ணித்தான் குடுத்தாய்ங்க, சிஸ்டம் வெர்ஷன் 3.65ல என்சோ (ஆன் பண்ணும்போதே தானா ஓடுற ஹேக்) போட்டிருக்கு, மேல கேம் கார்டு போடுற எடத்துல எஸ்டி2வீட்டா அடாப்டர் சொருகி மைக்ரோ எஸ்டி போட்டு வச்சிருக்கு. கீழ சோனியோட பழைய 8 ஜிபி மெமரி கார்டும் கூடவே வந்துச்சு.

பிரச்சனை என்னன்னா அக்கா பையன் லீவுக்கு வந்திருக்கான், அவனுக்கு மைன்கிராஃப்ட் ஒரிஜினல் கார்டு ஒண்ணு வாங்கிக் குடுத்தேன். ஓடுது, அதுல ஒண்ணும் குறையில்ல. ஆனா அவனுக்கு டால்பின் வேணுமாம், ஆமை வேணுமாம், யூடியூப்ல பாத்திருக்கான். நம்ம கார்டுல கடலுக்குள்ள எறங்கினா வெறும் தண்ணியும் ரெண்டு கணவாயும்தான் சுத்துது, மாமா இது பழசு மாமான்னு உசுர வாங்குறான்.

கேமுக்குள்ளயே அப்டேட் அமுத்துனா சிஸ்டம் சாஃப்ட்வேர அப்டேட் பண்ணுன்னு ஒரு பெட்டி வருது, பயந்து பேக் வந்துட்டேன். அப்புறம் ஒரு வீடியோவ பாத்து அப்டேட் பிகேஜி ஃபைல எறக்கி, கம்ப்யூட்டர்ல பிரிச்சு, வீட்டாஷெல் (வீட்டாவுல ஃபைல் பாக்குற ஆப்) வழியா யுஎக்ஸ்0 (வீட்டாவோட மெயின் ஸ்டோரேஜ்) உள்ள பேட்ச் ஃபோல்டர்ல போட்டாச்சு. அடாப்டரக் கழட்டிட்டு மைன்கிராஃப்ட் கார்டப் போட்டுத் திறந்தா அதே 1.00. வீடியோவுல அந்தாளுக்கு ஒடனே வேலை செய்யுது, எனக்கு மட்டும் ஏன் இப்படி? அந்த சிஸ்டம் அப்டேட்ட பண்ணித் தொலைச்சா சரியாகுமா?

வைகைக்கரை:

தம்பி மொதல்ல அந்தப் பெட்டியில ஓகே அமுத்திராதீங்க, மத்தத அப்புறம் பேசுவோம். என்சோ 3.60லயும் 3.65லயும் மட்டும்தான் நிக்கும். 3.74க்குப் போயிட்டா அது போச்சு, அப்புறம் ஒவ்வொரு தடவை ஆன் பண்ணும்போதும் ஹேக்க மறுபடி ஓட்டணும். மொடோருன்னு ஒண்ண வச்சுத் திரும்ப எறக்கலாம், இல்லேங்கல, ஆனா ஒரு டால்பினுக்காக இம்புட்டு வேலை எதுக்கு. சில கேம் கார்டுக்குள்ளயே சிஸ்டம் அப்டேட் இருக்கும், நெட் இல்லாட்டியும் கேக்கும், பையன் கையில குடுக்கும்போது சொல்லிக் குடுங்க.

ஹென்காக்கு (மோட் பண்ண வீட்டாவுல இருக்குற ஹேக்) செட்டிங்ஸ் போய் வெர்ஷன் ஸ்பூஃபிங் ஆன்ல இருக்கான்னு பாருங்க. அது ஆன்ல இருந்தா வீட்டா தன்னோட வெர்ஷன புதுசுன்னு சொல்லிக்கும், பல நேரம் கேமோட லைவ் ஏரியாவுல (ஐகானத் தொட்டா வர்ற பக்கம்) அந்த வட்ட அம்புக்குறிய அமுத்துனாலே அப்டேட் தானா எறங்கிரும், கையால போடுற வேலையே இல்ல. தேதி நேரமும் சரியா இருக்கணும். கடையில சார்ஜ் இல்லாம கெடந்த மெஷின்னா தேதி எங்கயோ போயிருக்கும், அப்ப நெட்ல எதத் தொட்டாலும் எரர்தான்.

யானைமலை ஒத்தக்கடை:

வைகைக்கரை அண்ணே சொன்னது சரி, ஆனா இவருக்கு நடந்தது வேற. தம்பி, நீங்க எழுதுனதுலயே பதில் இருக்கு. அப்டேட்ட யுஎக்ஸ்0ல போட்டேன்னு சொல்றீங்க, அப்ப யுஎக்ஸ்0ங்கிறது எது? அடாப்டர்ல இருக்குற எஸ்டி கார்டு. அடுத்த வரியில அடாப்டரக் கழட்டிட்டேன்னு சொல்றீங்க. அப்டேட் அந்த எஸ்டி கார்டோட வெளிய வந்திருச்சு, இப்ப உங்க சட்டைப் பையில இருக்கு.

வீட்டாவுல அப்டேட்ங்கிறது கேமுக்குள்ள போய்க் கலக்குற விஷயமே இல்ல. கேம் கார்டுல எழுதவும் மாட்டான் (சில கார்டுல எழுதுற மாதிரி ஒரு சின்ன பகுதி உண்டு, அத விடுங்க). கேம் ஒரு எடத்துல இருக்கும், மாறுன ஃபைல் மட்டும் பேட்ச் ஃபோல்டர்ல அதே பேர்ல இருக்கும், கேம் திறக்கும்போது சிஸ்டம் ரெண்டையும் ஒண்ணு மேல ஒண்ணா வச்சுக் காட்டும். நம்ம ஊர் செவுத்துல பழைய போஸ்டர் மேல புது போஸ்டர் ஒட்டுற மாதிரிதான், மேல இருக்குறதக் கிழிச்சா அடியில இருக்குறது அப்படியே தெரியும். அதனாலதான் பேட்ச் ஃபோல்டர அழிச்சா கேம் மறுபடி 1.00க்கு வந்துரும், கேம் கெடாது.

ஆக கேம் கார்டு மேல ஓட்டையில இருக்கும்போது எது யுஎக்ஸ்0வா இருக்கோ, அதுலதான் பேட்ச் இருக்கணும். உங்களுக்கு அது கீழ இருக்குற 8 ஜிபி. செய்ய வேண்டியது: அடாப்டர் உள்ள இருக்கும்போதே வீட்டாஷெல்லத் திறங்க, யுஎக்ஸ்0 பேட்ச்ல இருந்து அந்த ஃபோல்டர முக்கோண பட்டன் மெனுவுல காப்பி பண்ணி, மெமரி கார்டு எந்தப் பேர்ல தெரியுதோ அதுல பேட்ச்னு ஒரு ஃபோல்டர் போட்டு ஒட்டுங்க. அப்புறம் முழுசா ஆஃப் பண்ணிட்டு, ஸ்லீப் இல்ல ஆஃப், அடாப்டர உருவிட்டு கார்டப் போடுங்க. மெமரி கார்டு தானா யுஎக்ஸ்0 ஆகலன்னா ஸ்டோரேஜ் கான்ஃபிக் ஃபைல்ல எம்சிடிக்கு (மெமரி கார்டுதான்) நேரா யுஎக்ஸ்0ன்னு மாத்தணும்.

இன்னொண்ணு, வீட்டாஷெல்லே எஸ்டி கார்டுல இருந்தா அதுவும் கூடவே போயிரும். அதனால யுஎக்ஸ்0 ஆப் உள்ள இருக்குற வீட்டாஷெல் ஃபோல்டரையும் சேத்து காப்பி பண்ணிக்கோங்க, அந்தப் பக்கம் போய் லைவ் ஏரியாவ ரீஃப்ரெஷ் பண்ணா ஐகான் வந்துரும்.

மேலூர் ரிமோட்:

ஏன்ணே இம்புட்டுச் சுத்திக்கிட்டு, கார்ட டம்ப் பண்ணி (கேம அப்படியே காப்பி எடுத்து) எஸ்டிலயே போட்டா வேலை முடிஞ்சது. கார்டு ஓட்டை பக்கமே போக வேணாம், கேமும் அப்டேட்டும் ஒரே எடத்துல. அவரு காசு குடுத்து வாங்குன கார்டுதானே.

யானைமலை ஒத்தக்கடை:

மாப்ள நீ சொல்றதும் நடக்கும், வெரசா முடியும். ஆனா பையன் வெளையாடுனது கார்டுல. அவன் கட்டுன வேர்ல்டெல்லாம் 8 ஜிபி கார்டுல யூசர், 00, சேவ்டேட்டா ஃபோல்டர்ல கெடக்கு. எஸ்டிக்கு மாறுனா அங்க ஒண்ணும் இருக்காது, பையன் அழுதா நீயா மேலூர்ல இருந்து வருவ? சேவ்வையும் தூக்கிட்டுப் போகணும்.

எந்த வழியில போனாலும் அப்டேட் போட்டுத் திறக்குறதுக்கு முன்னாடி சேவ்டேட்டாவுல அந்தக் கேமோட ஃபோல்டர கம்ப்யூட்டருக்கு ஒரு காப்பி எடுத்து வைங்க. புது வெர்ஷன்ல ஒருக்கா சேவ் ஆன வேர்ல்ட பழைய வெர்ஷன்ல திறக்க முடியும்னு நம்பக் கூடாது.

ஆரப்பாளையத்தான்:

அண்ணே அடேங்கப்பா, அடாப்டர உருவுனா அப்டேட்டும் போயிரும்ங்கிறத அந்த வீடியோக்காரன் ஒரு வார்த்தை சொல்லல. நீங்க சொன்ன மாதிரியே பண்ணேன். 8 ஜிபி கார்டுல ஏற்கனவே வீட்டாஷெல் இருந்துச்சு, கடைக்காரர் மொதல்ல அதுலதான் போட்டிருப்பாரு போல. பேட்ச் இப்ப அதுல இருக்கு, கார்டும் மேல இருக்கு. ஆனா இன்னும் 1.00தான். ஐகான அமுத்திப் பிடிச்சு மூணு புள்ளியத் தொட்டு இன்ஃபர்மேஷன்ல பாத்துட்டேன், அங்கயும் 1.00. பேட்ச் உள்ள இருக்குற ஃபோல்டர் பேரு பிசிஎஸ்இ00491.

யானைமலை ஒத்தக்கடை:

ஜிஆர்ஓ0 உள்ள போய் ஆப் ஃபோல்டரத் திறந்து என்ன பேர் இருக்குன்னு சொல்லுங்க. ஜிஆர்ஓ0ங்கிறது கேம் கார்டுதான், கார்டு உள்ள இருந்தாத்தான் வீட்டாஷெல்ல தெரியும்.

ஆரப்பாளையத்தான்:

பிசிஎஸ்பி00560ன்னு இருக்கு.

யானைமலை ஒத்தக்கடை:

அவ்ளோதான். பிசிஎஸ்இ அமெரிக்காக் கேம், பிசிஎஸ்பி ஐரோப்பா. ரெண்டும் மைன்கிராஃப்ட்தான், ஆனா வீட்டாவுக்கு ரெண்டும் வேற வேற கேம். வீடியோக்காரன் வச்சிருந்தது அமெரிக்காக் கார்டு, அவன் லிங்க்ல எறக்குனது அவன் கார்டுக்குத்தான் பொருந்தும். சிஸ்டம் பேட்ச் ஃபோல்டர்ல கார்டுல இருக்குற கேமோட ஐடியத் (அந்த பிசிஎஸ்பி நம்பர்) தேடும், இல்லன்னா சத்தம் போடாமப் பழசையே திறந்துரும், எரர் கூடக் காட்டாது. இங்க நிறைய பேர் தலையப் பிச்சுக்கிறது இதுக்குத்தான். ஃபோல்டர் பேர மட்டும் மாத்திப் பாக்கலாமான்னு கேக்காதீங்க, வேண்டாம்.

பிசிஎஸ்பி00560க்குன்னு இருக்குற அப்டேட்டையே எறக்குங்க. அப்டேட் பிகேஜி இன்னமும் சோனி சர்வர்லயே இருக்கு, கண்ட சைட்லயும் போய் ஜிப் எடுக்காதீங்க. கம்ப்யூட்டர்ல பிகேஜி2ஜிப்ல (பிகேஜியப் பிரிக்கிற டூல்) போட்டா பேட்ச்னு ஒரு ஃபோல்டர், அதுக்குள்ள பிசிஎஸ்பி00560ன்னு ஒரு ஃபோல்டர் வரும். அந்த உள் ஃபோல்டர மட்டும் எடுத்துட்டுப் போங்க, பேட்ச்சுக்குள்ள இன்னொரு பேட்ச் ஆயிருச்சுன்னா அப்பவும் ஒண்ணும் ஏறாது. பிகேஜிய அப்படியே வீட்டாஷெல்ல இன்ஸ்டால் பண்ணப் பாக்காதீங்க, அந்த இன்ஸ்டால் விபிகே ஃபைலுக்குத்தான் (மோட் பண்ண வீட்டாவுக்கான ஆப் ஃபைல்). காப்பி பண்ண வைஃபை எஃப்டிபி வேணாம், யுஎஸ்பி கேபிள்ல போங்க, பாதியில கரண்ட் போயி ரூட்டர் ஆஃப் ஆச்சுன்னா அரைகுறை ஃபைல் நிக்கும், அப்புறம் கேம் திறக்கும்போது எரர் வரும், என்ன ஏதுன்னே தெரியாது. செலக்ட் பட்டன அமுத்துனா யுஎஸ்பி வரணும், எஃப்டிபி வந்தா ஸ்டார்ட் அமுத்தி செட்டிங்ஸ்ல மாத்திக்கோங்க.

பிரிச்சுப் போட்டதும் திறக்காம எரர் அடிச்சா, அந்த அப்டேட் 3.65க்கு மேல கேக்குதுன்னு அர்த்தமா இருக்கலாம். அதுக்கும் ஃபர்ம்வேர் (சிஸ்டம் சாஃப்ட்வேர்) ஏத்த வேணாம், புது ஃபர்ம்வேர் கேக்குறத பழசுலயே திறக்க ரீஃபுட்னு ஒரு பிளகின் இருக்கு, கான்ஃபிக் ஃபைல்ல கெர்னல் தலைப்புக்குக் கீழ ஒரு வரி சேத்து ரீபூட் பண்ணா போதும்.

வைகைக்கரை:

எறக்குன பிகேஜிய அழிக்காம கம்ப்யூட்டர்லயோ பழைய ஹார்ட் டிஸ்க்லயோ போட்டு வைங்க தம்பி. 2021 மார்ச்ல வீட்டா ஸ்டோர மூடப் போறோம்னு சோனி அறிவிச்சாய்ங்க, ஆளாளுக்குக் கத்துன கத்துல ஏப்ரல்ல பின்வாங்குனாய்ங்க. பிஎஸ்பியில மிச்சமிருந்த வாங்குற வசதிக்கு அந்தக் குடுப்பினை இல்ல, அந்த ஜூலையிலயே போச்சு. அப்டேட் சர்வரும் ஒரு நாள் நிக்கும், அன்னைக்கு கார்டு மட்டும் வச்சிருக்குறவனுக்கு 1.00தான் கதி. நான் என் கிட்ட இருக்குற எல்லாக் கார்டுக்கும் எடுத்து வச்சிட்டேன், கிறுக்குன்னு வீட்ல திட்டு.

ஆரப்பாளையத்தான்:

வந்திருச்சுண்ணே!! ஏறிருச்சு. ரீஃபுட் இல்லாம மொதல்ல எரர்தான் வந்துச்சு, அந்த வரியச் சேத்து ரீபூட் பண்ணதும் திறந்துருச்சு. பையன் இப்ப டால்பினத் தொரத்திக்கிட்டு இருக்கான், சாப்பிடக் கூப்பிட்டா வர மாட்டேங்குறான், அக்கா என்னைய ஏசுது. ஒரு சந்தேகம் மட்டும், பவளப் பாறை, முங்குன கப்பல் எல்லாம் அவனோட பழைய வேர்ல்டுல காணோம், அப்டேட் பாதிதான் ஏறியிருக்கா?

மேலூர் ரிமோட்:

முழுசா ஏறியிருக்கு மாப்ள. ஏற்கனவே சுத்துன எடத்த கேம் அப்படியே சேவ் பண்ணி வச்சிருக்கும், அங்க புதுசா பவளம் மொளைக்காது. வீட்டாவுல வேர்ல்டே 864க்கு 864 கட்டைதான், பையன் மூலை முடுக்கெல்லாம் சுத்தியிருப்பான். புது வேர்ல்ட் ஒண்ணு போடச் சொல்லுங்க, கடல் பக்கமா எறங்குனா எல்லாம் இருக்கும். இதுக்கு மேல புது அப்டேட்டும் தேடாதீங்க, அந்தக் கடல் அப்டேட் 2018 டிசம்பர்ல வந்தது, வீட்டாவுக்குப் பெரிய அப்டேட்ட அதோட நிறுத்திட்டாய்ங்க.

திருமங்கலம் 2000:

நடுவுல வர்றேன், என்னோடது 2000 மாடல், சோனி மெமரி கார்டு இல்ல, எஸ்டி2வீட்டா மட்டும்தான். கார்டு கேமுக்கு அப்டேட் போடணும்னா நான் என்ன பண்றது?

யானைமலை ஒத்தக்கடை:

2000ல உள்ளயே 1 ஜிபி இருக்கு, அடாப்டர உருவுனா அது யுஎக்ஸ்0 ஆயிரும், அதுல பேட்ச் போடலாம். ஆனா சேவும் அதுலயே வரும், சின்ன அப்டேட்டா இருந்தா தாங்கும். பெரிய கேம்னா மேலூர் மாப்ள சொன்ன மாதிரி உங்க கார்ட டம்ப் பண்ணி எஸ்டிலயே வச்சுக்கோங்க, கார்டுக்குன்னு மெமரி கார்டு தேடி அலையாதீங்க, பழைய சோனி கார்டுக்கு இப்ப ஆளாளுக்கு ஒரு வெல சொல்றாய்ங்க. டம்ப் பண்ணும்போதும் ஐடி அதேதான் இருக்கணும், ஜிஆர்ஓ0ல பாத்து எழுதி வச்சுக்கிட்டு அப்புறம் அப்டேட்ட எறக்குங்க.