பேடெக்கர் 1894 பதிப்பின் ஜெருசலேம் வரைபடம் தேவை

பயணக் கையேடுகள் புனிதத் தலங்களை எப்படிக் காட்டின என்று ஒரு கட்டுரை எழுதுகிறேன். ஒரே ஒரு வரைபடத்தில் வேலை நின்றுவிட்டது.

பேடெக்கர் என்ற ஜெர்மானியப் பதிப்பகத்தின் பாலஸ்தீனம், சிரியா கையேடு ஆங்கிலத்தில் முதலில் 1876இல் வந்தது, இரண்டாம் பதிப்பு 1894இல். இடையில், 1883இல், பிரிட்டிஷ் படை அதிகாரி ஜெனரல் கார்டன், ஜெருசலேம் மதிலின் வடக்கே உள்ள தமஸ்கு வாசலுக்கு வெளியே இருக்கும் குன்றுதான் இயேசு சிலுவையில் அறையப்பட்ட கொல்கொதா என்றார். இயேசுவின் கல்லறை இருந்த இடமாக மரபாகக் கருதப்படும் பழைய திருக்கல்லறைத் தேவாலயத்துக்குப் போட்டியாக, அந்தக் குன்றின் அருகிலுள்ள தோட்டக் கல்லறை பெயர் பெற்றது அப்போதுதான். பயணி எந்தக் கல்லறை முன் மண்டியிடுவது என்பதில் கையேட்டுக்கும் பங்கு இருந்தது என்றே நினைக்கிறேன். அதனால் அந்த இடம் வரைபடத்தில் குறிக்கப்பட்டதா, எந்தப் பெயரில் என்பது எனக்கு முக்கியம்.

இணையத்தில் கிடைத்த ஸ்கேன்களில் பக்கங்கள் தெளிவாக இருக்கின்றன, ஆனால் நகர வரைபடத்தை மடித்தபடியே படமெடுத்திருக்கிறார்கள். வடக்குப் பகுதி, அதாவது எனக்கு வேண்டிய இடமே, மறைந்துவிட்டது. பழைய வரைபடத் தொகுப்புகளில் தேடினால் பிந்தைய பதிப்புகளின் தாள்கள்தான் வருகின்றன. ஒரு நூலகத்துக்கு எழுதினேன், பதில் இல்லை. 1912 பதிப்பு உதவாது, அதற்குள் நகரமே மதிலுக்கு வெளியே வளர்ந்துவிட்டது.

1894 ஆங்கிலப் பதிப்பின் ஜெருசலேம் வரைபடம் முழுதாக விரித்த நிலையில் எங்கே கிடைக்கும்?