கொழுஞ்சியைக் களை என்று அழிக்கும் முன்

சிவகங்கைப் பக்கம் மானாவாரி நிலத்திலும் கண்மாய்க் கரையிலும் வண்டிப்பாதை ஓரத்திலும் கொழுஞ்சி தானாகவே முளைத்து நிற்கும். கொள்ளுக்காய் வேளை என்றும் சொல்வார்கள். சித்திரை வெயிலில் வரப்புப் புல்லெல்லாம் சருகான பிறகும் இது மட்டும் பச்சை மாறாமல், இளஞ்சிவப்பும் ஊதாவும் கலந்த சின்னச் சின்னப் பூக்களோடு இருக்கும். அந்தச் செடியின் மேல் களைக்கொல்லி அடிப்பதைப் பார்க்கும்போதெல்லாம் மனசு கேட்பதில்லை. அதனால்தான் நான் பார்த்ததை எழுதுகிறேன்.

எனக்கு இதை அடையாளம் காட்டியவர் பெரியப்பா. தூரத்திலிருந்து பார்த்தால் அவுரியும் கொழுஞ்சியும் ஒன்றாகத்தான் தெரியும். "சிற்றிலை நுனியைப் பிடிச்சு இழுத்துப் பாருப்பா" என்றார். இழுத்தேன். இலை குறுக்கே நேராக அறுபடாமல், நரம்பு ஓடும் வாக்கிலேயே வி வடிவத்தில் பிளந்து வந்தது. காயை வைத்தும் கண்டுபிடிக்கலாம். கொழுஞ்சிக் காய் தட்டையாக, லேசாக வளைந்து இருக்கும். அவுரிக் காய் உருண்டு மெலிந்திருக்கும்.

ஆனால் இந்தச் செடியின் அருமை மண்ணுக்கு மேலே இல்லை. கையால் பிடுங்கினால் வராது, ஆணிவேர் அவ்வளவு ஆழம் போயிருக்கும். நல்ல மழை பெய்து மண் இளகியதும் மண்வெட்டியால் சுற்றிலும் வெட்டி, வேர் அறாமல் எடுத்துப் பாருங்கள். பக்க வேர்களில் சிறு சிறு முடிச்சுகள் ஒட்டியிருக்கும். ஒன்றை நகத்தால் கீறினால் உள்ளே சிவந்திருக்கும். காற்றிலுள்ள தழைச்சத்தை, அதாவது நைட்ரஜனை, பிடித்துச் செடிக்குக் கொடுக்கிற பாக்டீரியா அங்கே வேலை செய்கிறது என்பதற்கு அந்தச் சிவப்புதான் அடையாளம். உரம் என்று ஒன்றையும் காணாத சரளை மண்ணில் இதைப் பார்த்தபோது எனக்கு உண்மையிலேயே சிலிர்த்துவிட்டது.

மாமா தன் நெல் வயலில் இதைத்தான் பசுந்தாள் உரமாக, அதாவது வளர்த்துப் பச்சையாகவே மண்ணில் உழுது மட்கவிடும் உரமாக, விதைக்கிறார். ஏக்கருக்கு 6 முதல் 8 கிலோ விதை. தக்கைப்பூண்டு மாதிரி வேகமாக எழும்பாது, முதல் சில வாரங்கள் பொறுமை வேண்டும். அதற்குப் பதிலாக வறட்சியை நன்றாகத் தாங்கும், ஆடு மாடும் அவ்வளவாக வாய் வைக்காது. கோடையில் வேலியில்லாமல் கிடக்கிற நிலத்துக்கு இதைவிட என்ன வேண்டும்? தண்ணீர் தேங்கும் இடத்தில் மட்டும் விதைக்க வேண்டாம். பூக்கும் சமயத்தில் மடக்கி உழுதுவிட வேண்டும். காய் பிடிக்கும் வரை விட்டால் தண்டு கட்டையாகி மட்க நாளாகும். வரப்போரத்தில் கிடைப்பதை அறுத்து வந்து சேற்றில் மிதிப்பதும் எங்கள் ஊரில் பழைய வழக்கம்தான்.

சித்த வைத்தியத்தில் கல்லீரல், மண்ணீரல் கோளாறுகளுக்கு இதன் வேரைச் சொல்வார்கள். ஆனால் யாரோ சொன்னார்கள் என்று நீங்களாகவே அரைத்துக் குடிக்காதீர்கள், தேர்ந்த வைத்தியரைக் கேளுங்கள். இந்த இனத்துச் செடிகளில் ரோட்டினாய்டு வகைப் பொருட்கள் இருக்கின்றன. அவை மீனுக்கு நஞ்சு. இதன் உறவுச் செடிகளை நசுக்கிக் குளத்தில் கலந்து மீன் பிடிக்கும் பழக்கம் பல நாடுகளில் இருந்திருக்கிறது.

அப்புறம், விதை. தோல் கெட்டி என்பதால் அப்படியே தூவினால் பாதிக்கு மேல் முளைக்காமல் கிடக்கும். மாமா வீட்டில் மணலோடு சேர்த்துத் தேய்த்துவிட்டுத்தான் விதைப்பார்கள். வயலில் ஒரு மூலையை உழாமல் காய்க்க விட்டால் விதை அங்கேயே உதிர்ந்து, அடுத்த கோடை மழைக்குத் தானே முளைக்கும். சேகரிக்க நினைப்பவர்கள் காய் பழுப்பு நிறத்துக்கு வந்ததும் காலை ஈரத்திலேயே போய்ப் பறித்துவிடுங்கள். வெயில் ஏறினால் காய் முறுக்கி வெடித்து விதையெல்லாம் சிதறிவிடும்.