மறு: காலத்தை வளைக்கும் கல்லுக்கு என்ன பெயர் வைக்கலாம்?

அன்புள்ள குழுவினருக்கு வணக்கம்.

வெள்ளிக்கிழமைக்குள் ஒரு சிறுவர் மாயக்கதையின் மொழிபெயர்ப்பைப் பதிப்பகத்துக்கு அனுப்பியாக வேண்டும். ஒரே ஒரு சொல்தான் பாக்கி. கதையில் ஒரு குகையில் மட்டும் கிடைக்கும் நீலக் கல் வருகிறது. உள்ளங்கையில் வைத்து மூடினால் சுற்றிலும் நேரம் மெதுவாகும். சூடேற்றினால் பின்னோக்கி ஓடும். மூலத்தில் அதன் பெயர் குரோனைட். குரோனோஸ் என்றால் கிரேக்கத்தில் காலம். ஐட் என்பது கனிமப் பெயர்களில் வரும் ஒட்டு. 'காலவளைவுக் கனிமம்' என்று போட்டு அக்கா மகளுக்குப் படித்துக் காட்டினேன். பத்து வயது. "சித்தி, இது சயின்ஸ் பாடமா?" என்று கேட்டாள். அதோடு அந்தச் சொல்லை அடித்துவிட்டேன்.

சின்னச் சொல்லாக வேண்டும். அந்தக் கல்லின் பொடி, அதைத் தோண்டுகிறவர், அதை உருக்கும் உலை எல்லாம் கதையில் வருகின்றன. அவற்றோடும் ஒட்ட வேண்டும்.

— மொழிபெயர்ப்பாளர், சென்னை


அம்மா, பொழுது இருக்கிறதே!

'முதலெனப் படுவது நிலம்பொழுது இரண்டின் இயல்பென மொழிப' என்று தொல்காப்பியர் இடத்தையும் காலத்தையும் சேர்த்தே முதற்பொருள் ஆக்கினார். உங்கள் கல்லோ நிலத்துக்குள் கிடக்கிற பொழுது. 'பொழுதுமணி' என்று வையுங்கள். மணி என்றால் இரத்தினம். மணி என்றால் கடிகாரம் காட்டுவதும்தான். கல்லும் காலமும் ஒரே சொல்லில் குடியிருப்பது வேறு எந்த மொழியில் கிடைக்கும்?

— ஓய்வுபெற்ற தமிழாசிரியர், திருச்சி


ஐயா, எங்கள் பக்கம் பொழுது என்றவுடன் சூரியன்தான் நினைவுக்கு வரும். "பொழுதுபட்டிட்டுது, உள்ளுக்கு வா" என்றுதான் அம்மா கூப்பிடுவா. பொழுதுமணி என்றால் பிள்ளைகள் பின்னேரத்துக் கோயில் மணியை நினைப்பார்கள். நீங்கள் கணினி என்கிறீர்கள், நாங்கள் கணனி என்கிறோம், இன்னும் ஒத்துவரவில்லை. பேசாமல் குரோனைட் என்றே விடலாமே?

— யாழ்ப்பாணம்


குரோனைட் வேண்டாம். நம் சித்தர் மரபிலேயே இப்படி ஒரு பொருள் இருக்கிறது. நரை, திரை, மூப்பு அணுகாமல் உடம்பை நிறுத்தி வைப்பது காயகற்பம். கற்பம் என்பது ஒரு கால அளவும்கூட: பிரம்மாவின் ஒரு பகல், 432 கோடி ஆண்டு. காலத்தின் பெயரையும் காலத்தை நிறுத்தும் மருந்தின் பெயரையும் இப்படி ஒன்றாக வைத்திருக்கிறோம். 'கற்பக்கல்' என்று துணிந்து போடுங்கள்.

— சித்த மருத்துவம் படித்தவன், நாகர்கோவில்


கற்பம் வடசொல் அல்லவா? காலத்தையே தமிழா வடமொழியா என்று கேட்கிறார்கள். 'காலந் தாமே மூன்றென மொழிப' என்று தொல்காப்பியமே எடுத்தாண்டிருப்பதால் அதையாவது விடலாம். கற்பத்தை என்னால் ஏற்க முடியாது. ஓரை என்று யாரோ தனிமடலில் கேட்டிருந்தார். அது நேரத்தைக் குறிக்கும் கிரேக்க ஹோராவா, சங்கப் பெண்கள் ஆடிய ஓரை விளையாட்டா என்பதே தீராத வழக்கு. 'ஓரையும் நாளும் துறந்த ஒழுக்கம்' என்ற ஒரு வரியில் இருப்பது கிரேக்கச் சொல் என்று கொண்டு, தொல்காப்பியத்தின் காலத்தையே பிற்காலத்துக்கு இழுத்தவர்கள் உண்டு. அதைப் பற்றித் தனியாக எழுதுகிறேன்.

— திருச்சி


ஐயா கோபிக்கக் கூடாது. 'வடசொற் கிளவி வடவெழுத் தொரீஇ' என்று, வடவெழுத்தை விலக்கி வடசொல்லை எடுத்தாள வழிவிட்டவரும் தொல்காப்பியர்தானே? கல்பம் கற்பமான பிறகு அது நம் வீட்டுப் பிள்ளை.

— நாகர்கோவில்


நேற்று ஆறாம் வகுப்பில் சொற்களைப் பலகையில் எழுதி, கேட்டதும் தோன்றுவதை வரையச் சொன்னேன். 'காலக்கல்' என்றதற்குப் பாதிப் பேர் ஒரு காலையும் அதன்மேல் விழும் கல்லையும் வரைந்தார்கள். 'பொழுதுமணி'க்குப் பள்ளிக்கூட மணி, அதுவும் சாயங்கால மணி. 'கற்பக்கல்' என்றதும் பின்வரிசையில் சிரிப்பு. கர்ப்பம் என்று கேட்டிருக்கிறது. அந்தச் சொல்லை உடனே அழித்துவிட்டேன்.

ஒரு சொல்லுக்கு மட்டும் யாரும் எதுவும் வரையவில்லை. 'கன்னல்'. "என்னது டீச்சர் அது?" என்று கேட்டார்கள். எனக்கு அந்தக் கேள்விதான் வேண்டியிருந்தது.

முல்லைப்பாட்டில் பாசறைக் காவலர்கள் அரசனிடம் நேரம் சொல்வார்கள்: 'குறுநீர்க் கன்னல் இனைத்தென்று இசைப்ப'. சொட்டுச் சொட்டாக நீரை வைத்து நாழிகை அளந்த வட்டில் அது. நாழிகைக்கும், அதாவது 24 நிமிடத்துக்கும், அதே பெயர் உண்டு. கற்கண்டும் கன்னல்தான். நீலக் கற்கண்டு போல ஒரு கல், உள்ளே காலம் சொட்டுகிறது என்று சொன்னேன். ஒரு பையன், "வாயில போட்டா என்ன ஆகும்?" என்று கேட்டான்.

— ஆசிரியை, தஞ்சை மாவட்டம்


எனக்கு அந்தப் பையனின் கேள்வி போதும். கன்னல் என்றே போகிறேன். கன்னல்பொடி, கன்னல் தோண்டி, கன்னல் உலை எல்லாம் வாயில் நிற்கின்றன. கோப்பு முழுவதும் மாற்றிவிட்டேன். எல்லாருக்கும் நன்றி.

— சென்னை


கன்னல் என்றால் கரும்பு. முதலில் அகராதியைப் புரட்டும் பிள்ளைக்குக் கரும்புதான் கிடைக்கும். நான் ஒப்பவில்லை, பெரும்பான்மைக்குக் கட்டுப்படுகிறேன். ஆனால் அதே முல்லைப்பாட்டில் கன்னலுக்குச் சற்று மேலே பாருங்கள்: 'பொழுதளந்து அறியும் பொய்யா மாக்கள்'. அளக்கிற பாத்திரம்தான் கன்னல், அளக்கப்படுவது பொழுது. கல்லுக்குள் இருப்பது எது என்று யோசியுங்கள்.

அப்புறம், 'கன்னல்பொடி' தவறு. கன்னலின் பொடி வேற்றுமைப் புணர்ச்சி. 'லளவேற் றுமையிற் றடவும்' என்பது நன்னூல்; வேற்றுமையில் வல்லினம் வந்தால் ல் ற் ஆகும். 'கன்னற்பொடி' என்று திருத்துங்கள்.

— திருச்சி


ஐயா, கதையில் ஒரு பாட்டி வருகிறார். அவர் மட்டும் அந்தக் கல்லைப் பொழுதுமணி என்றுதான் சொல்வார். மூன்றாம் அத்தியாயத்தில் சேர்த்துவிட்டேன்.

பொடிக்கு மட்டும் மன்னியுங்கள். கன்னலாகிய பொடி என்று, இரண்டு பெயரும் ஒரே பொருளைக் குறிக்கும் இருபெயரொட்டாகக் கொண்டால், வேற்றுமை அல்லாத அல்வழிதானே? அதே நூற்பா அல்வழிக்கு உறழ்வு, அதாவது ல் மாறியும் மாறாமலும் வரலாம் என்று, தருகிறதே?

— சென்னை


கல்லை அரைத்தால் வருவது பொடி. கல்லும் பொடியும் எப்படி ஒன்றாகும் அம்மா? விரிவாக நாளை எழுதுகிறேன்.

— திருச்சி